படத்தைக் காட்டி மனதை அறியலாமா?

கிள்ளான் பெரிய ஆஸ்பத்திரியில் மனநல டாக்டரைப் பார்க்கச் சொல்லி சீட்டு கொடுத்தால் நம்மவர் பலர் போவதில்லை. “நான் என்ன தஞ்சோங் ரம்புத்தான் கேஸா?” என்கிறார்கள். 1911ல் பேராக்கில் திறந்த அந்த மருத்துவமனைக்கு இன்று பகாகியா என்று பெயர். பழைய பயம் மட்டும் போகவில்லை.

போனவர்களிலும் சிலருக்கு வேறு கவலை. “என்னமோ படத்தைக் காட்டி இது என்னன்னு கேட்டாங்க. தப்பாச் சொல்லிட்டேனோ?” அதைப் பற்றித்தான் இந்த முறை எழுதுகிறேன்.

சுவிட்சர்லாந்து டாக்டர் ஹெர்மன் ரோர்ஷாக் 1921ல் 10 அட்டைகளை வெளியிட்டார். காகிதத்தில் மையைச் சொட்டி மடித்தால் இரு பக்கமும் ஒரே மாதிரி கறை விழுமே, அந்த மாதிரி உருவங்கள். அவை எதனுடைய படமும் அல்ல. வௌவால் என்றாலும் சரி, இரண்டு பேர் சண்டை என்றாலும் சரி. எந்தப் பகுதியைப் பார்த்துச் சொன்னீர்கள், உருவத்தை வைத்தா வண்ணத்தை வைத்தா என்று உளவியலாளர் குறித்துக்கொள்வார்.

அமெரிக்காவில் ஹென்றி மர்ரேயும் கிறிஸ்டியானா மோர்கனும் 1930களில் வேறொரு வழி கண்டார்கள். இதில் பெரும்பாலும் மனிதர்கள் இருக்கும் படங்கள். 1943ல் வந்த தொகுப்பில் மொத்தம் 31 அட்டை, அதில் ஒன்று வெறும் வெள்ளை! ஒரு படத்தில் பையன் ஒருவன் மேசைமேல் உள்ள வயலினைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறான். முன்பு என்ன நடந்தது, இனி என்ன ஆகும் என்று நாம் கதை சொல்ல வேண்டும். வாசிக்க ஆசைப்படுகிறான் என்பார் ஒருவர். அப்பா அடிப்பாரென்று பயப்படுகிறான் என்பார் மற்றொருவர். சொல்கிறவர் தம் ஆசையையும் பயத்தையும் தம்மை அறியாமலே கதைக்குள் வைத்துவிடுகிறார்.

ஆனால் வயலினை சினிமாவில் மட்டும் பார்த்த தோட்டத்துப் பிள்ளை என்ன கதை சொல்லும்? பேசாமல் இருந்தால் அது மனக்கோளாறா? அந்தப் படங்கள் வெள்ளைக்காரர் வாழ்க்கையை வைத்து வந்தவை. அதனால்தான் இந்தியாவில் உமா சவுத்ரி என்ற ஆய்வாளர் இந்திய மக்களுக்கு ஏற்றபடி படங்களை மாற்றி அமைத்து 1960ல் வெளியிட்டார். பாராட்ட வேண்டிய வேலை.

நீங்களும் தெரிந்த பாஷையில் பேசுங்கள். மலாய் தடுமாறினால் தமிழ் தெரிந்தவர் வேண்டுமென்று கேளுங்கள், இதில் வெட்கம் என்ன? “ஒன்றும் தோணலைங்க” என்பதும் பதில்தான். பக்கத்து வீட்டார் சொல்லிக் கொடுத்ததை மட்டும் ஒப்பிக்க வேண்டாம். அப்புறம் டாக்டர் பார்ப்பது பக்கத்து வீட்டார் மனதைத்தான்!

படத்தை மட்டும் வைத்து யாரையும் பைத்தியம் என்று சொல்லிவிட முடியாது. மைக்கறைச் சோதனை சுகமாக இருப்பவரையும் நோயாளி போலக் காட்டக்கூடும் என்று உளவியலாளர்களே சிலர் குறை சொல்கிறார்கள். தூக்கம், சாப்பாடு, குடி, வீட்டுப் பிரச்சினை எல்லாம் விசாரித்துத்தான் முடிவு செய்ய வேண்டும். கைபேசியில் ‘இப்படத்தில் முதலில் தெரிவது எது? உங்கள் குணம் இதுதான்’ என்று வருவது வெறும் விளையாட்டு. அதை நம்பி மாப்பிள்ளை பார்க்காதீர்கள்.

மலேசியாவில் மருத்துவ உளவியலாளர்கள் 2016ம் ஆண்டின் 774ஆம் சட்டப்படி பதிவு பெற வேண்டும். வெளியில் பணம் கட்டிப் பார்ப்பவர்கள் அந்தப் பதிவைக் கேட்டுப் பாருங்கள். ஆஸ்பத்திரி சீட்டு கையில் உள்ளவர்கள் தேதியைத் தவற விடாதீர்கள். வந்து போனதற்கு நேரச் சீட்டு கேட்டு வாங்கி, மறுநாள் பெரட்டில் கிராணியிடம் கொடுத்துவிடுங்கள்.