மிலம் (கிராமம்)

மிலம் என்பது இந்தியாவின் உத்தராகண்ட் மாநிலத்தில், பித்தோராகர் மாவட்டத்தின் முன்சியாரி வட்டத்தில் அமைந்துள்ள ஒரு மலைக் கிராமம் ஆகும். கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,400 மீட்டர் உயரத்தில் உள்ள இக்கிராமம், ஜோகார் பள்ளத்தாக்கின் முதன்மையான குடியிருப்பாகவும், இந்தியாவுக்கும் திபெத்துக்கும் இடையே நடைபெற்ற வணிகத்தின் முக்கிய நிலையமாகவும் விளங்கியது. 1962ஆம் ஆண்டு அவ்வணிகம் நின்றுபோனதைத் தொடர்ந்து மக்கள் படிப்படியாக வெளியேறினர். இன்று பெரும்பாலான வீடுகள் இடிந்த நிலையில் உள்ளன. திபெத்தை அளந்த நில அளவையாளர் நைன் சிங் ராவத் பிறந்த ஊர் இதுவே.

அமைவிடம்

மிலம் கிராமம் கோரி கங்கை ஆற்றின் மேற்பகுதியில், நந்தாதேவி மலைத்தொகுதிக்குக் கிழக்கே அமைந்துள்ளது. கிராமத்துக்கு மேலே சில கிலோமீட்டர் தொலைவில் மிலம் பனியாற்றின் முகப்பு உள்ளது. கோரி கங்கை இப்பனியாற்றிலிருந்தே தோன்றுகிறது. பின்னர் தெற்கு நோக்கிப் பாய்ந்து, ஜௌல்ஜீபி என்னும் இடத்தில் காளி ஆற்றுடன் கலக்கிறது. கடந்த நூறு ஆண்டுகளில் பனியாற்றின் முகப்பு ஒரு கிலோமீட்டருக்கும் மேல் பின்வாங்கியுள்ளது.

முன்சியாரியிலிருந்து லீலம், புக்டியார், ரில்கோட், மர்தோலி, புர்ஃபு ஆகிய ஊர்களின் வழியாக மிலத்துக்குப் பாதை செல்கிறது. ஏறத்தாழ 60 கிலோமீட்டர் நீளமுள்ள இப்பாதையை நெடுங்காலமாக மக்கள் மூன்று அல்லது நான்கு நாட்களில் நடந்தே கடந்து வந்தனர்.

மக்கள்

மிலம் மக்கள் ஜோகாரி போட்டியா இனத்தைச் சேர்ந்தவர்கள். இவர்கள் தம்மை ஷவுக்கா என்றும் அழைத்துக்கொள்வர். "போட்" என்பது திபெத்தைக் குறிக்கும் சொல். எனவே போட்டியா என்பது அவர்களுக்குப் பிறர் இட்ட பெயர் ஆகும்.

இங்கு வாழ்ந்தோருக்கு ஓர் ஆண்டில் இரண்டு ஊர்கள் இருந்தன. பனி உருகிய பின்னர் கோடையில் மிலத்துக்கு ஏறிச் செல்வர். அக்டோபர் மாத அளவில் வீடுகளைப் பூட்டிவிட்டு, முன்சியாரி போன்ற தாழ்வான பகுதிகளுக்குக் கால்நடைகளுடன் இறங்குவர். மிலத்தில் குளிர்காலம் கடுமையாக இருப்பதால் ஆண்டுக்கு ஒரு போகம் மட்டுமே விளைந்தது. வாற்கோதுமை, உருளைக்கிழங்கு முதலியவை பயிரிடப்பட்டன. இவ்விளைச்சல் பெரிய ஊர் ஒன்றைத் தாங்கப் போதுமானது அன்று. ஊரைத் தாங்கியது வணிகமே ஆகும்.

திபெத் வணிகம்

தானியம், வெல்லம், சர்க்கரை, துணி ஆகியவை இந்தியாவிலிருந்து திபெத்துக்குச் சென்றன. உப்பு, வெண்காரம், கம்பளி, குதிரை, ஆடு ஆகியவை அங்கிருந்து வந்தன. திபெத்தின் மேற்குப் பகுதியில் தானியம் அரிது. குமாவோன் மலைகளில் உப்பு அரிது. இந்த வேறுபாடே வணிகத்தின் அடிப்படை ஆகும்.

பொருட்களைச் சுமந்தவை பெரும்பாலும் செம்மறியாடுகளும் வெள்ளாடுகளுமே. ஒவ்வோர் ஆட்டின் முதுகிலும் இருபுறம் தொங்கும் சிறு பைகளில் ஏறத்தாழ 10 முதல் 15 கிலோகிராம் வரை ஏற்றப்பட்டது. வழியிலேயே மேய்ந்துகொள்வதால் இவற்றுக்குத் தீவனம் சுமந்து செல்லத் தேவை இருக்கவில்லை. யாக் எருதுக்கும் பசுவுக்கும் பிறந்த ஜப்பு என்னும் கலப்பின மாடுகளும் பயன்பட்டன.

மிலத்திலிருந்து திபெத்தை அடைய ஊண்டா தூரா, ஜயந்தி, குங்ரி பிங்ரி ஆகிய மூன்று கணவாய்களைக் கடக்க வேண்டும். மூன்றுமே 5,000 மீட்டருக்கும் மேற்பட்ட உயரம் உடையவை. இடையில் தங்குவதற்கும் மேய்ச்சலுக்கும் ஏற்ற இடம் இல்லாமையால், வணிகர்கள் மூன்றையும் ஒரே நாளில் கடக்க முயன்றனர். அப்பால் கியானிமா என்னும் இடத்தில் கோடைச் சந்தை கூடியது.

ஒவ்வொரு ஜோகாரி வணிகருக்கும் திபெத்தில் ஒரு குறிப்பிட்ட வணிகக் கூட்டாளி இருந்தார். இந்த உறவு தந்தையிடமிருந்து மகனுக்குச் சென்றது. ஒரு கல்லை இரண்டாக உடைத்து, ஆளுக்கொரு பாதியை வைத்துக்கொள்வது ஒப்பந்தத்தின் அடையாளமாகக் கொள்ளப்பட்டது. பாதிகள் பொருந்தினால் உரிமை உறுதியாயிற்று. குளிர்காலத்தில் பாகேசுவர், ஜௌல்ஜீபி ஆகிய ஊர்களின் திருவிழாச் சந்தைகளில் கம்பளியும் பிற பொருட்களும் விற்கப்பட்டன.

நில அளவைப் பணி

1802ஆம் ஆண்டு சென்னையை அடுத்த பரங்கிமலையில் வில்லியம் லாம்டன் தொடங்கிய அளவைப் பணி, பின்னர் பெரும் முக்கோணவியல் நில அளவையாக வளர்ந்து இமயமலையை எட்டியது. திபெத்துக்குள் ஐரோப்பியர் நுழையத் தடை இருந்தமையால், எல்லைக்கு அப்பாலுள்ள நிலத்தை அளக்க இயலவில்லை. திபெத்திய மொழியும் வழிகளும் அறிந்த மிலம் வணிகர்கள் இதற்குத் தேர்ந்தெடுக்கப்பட்டனர்.

1830ஆம் ஆண்டு மிலத்தில் பிறந்த நைன் சிங் ராவத், அவ்வூர்ப் பள்ளியின் ஆசிரியராக இருந்தார். 1863ஆம் ஆண்டு பணியில் சேர்ந்து தேராதூனில் பயிற்சி பெற்றார். 2,000 அடிகள் வைத்தால் ஒரு மைல் ஆகுமாறு சீராக நடக்கப் பழகினார். 108 மணிகளுக்குப் பதிலாக 100 மணிகள் கொண்ட மாலையில் நூறு அடிக்கு ஒரு மணி வீதம் எண்ணினார். குறிப்புகளைப் பிரார்த்தனைச் சக்கரத்தினுள் மறைத்து வைத்தார். 1865ஆம் ஆண்டு காத்மாண்டுவிலிருந்து புறப்பட்டு, 1866 ஜனவரியில் லாசாவை அடைந்து, அந்நகரின் அமைவிடத்தையும் உயரத்தையும் கணித்தார். 1877ஆம் ஆண்டு இலண்டன் அரச புவியியல் கழகம் அவருக்குத் தங்கப் பதக்கம் வழங்கியது. 2004ஆம் ஆண்டு இந்திய அஞ்சல் துறை அவர் நினைவாக அஞ்சல் தலை வெளியிட்டது. அவருடைய உறவினரான கிஷன் சிங் ராவத்தும் 1878 முதல் 1882 வரை திபெத் வழியாகச் சீனாவின் துன்குவாங் வரை சென்று அளவை செய்தார்.

வீழ்ச்சி

1954 ஏப்ரலில் இந்தியாவும் சீனாவும் செய்துகொண்ட உடன்படிக்கையில், வணிகத்துக்குரிய ஆறு கணவாய்களுள் ஒன்றாகக் குங்ரி பிங்ரி குறிக்கப்பட்டிருந்தது. எட்டு ஆண்டுகளுக்கு உரிய இவ்வுடன்படிக்கை 1962ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் புதுப்பிக்கப்படாமல் காலாவதியாயிற்று. அதே ஆண்டு அக்டோபரில் இந்திய–சீனப் போர் மூண்டது. எல்லை மூடப்பட்டது.

மிலத்தின் வீழ்ச்சிக்கு நிலச்சரிவோ, வெள்ளமோ, பஞ்சமோ காரணம் அன்று. வீடுகளும் வயல்களும் அப்படியே இருந்தன. ஆயினும் கோடைதோறும் அவ்வளவு உயரத்துக்கு ஏறுவதற்குரிய காரணம் இல்லாமல் போயிற்று. கம்பளி வரத்து நின்றதால் பெண்களின் நெசவுத் தொழிலும் பாதிக்கப்பட்டது. சுமை இல்லாமையால் ஆட்டு மந்தைகள் சுருங்கின.

1967ஆம் ஆண்டு போட்டியா மக்கள் பழங்குடியினர் பட்டியலில் சேர்க்கப்பட்டனர். கல்வியிலும் அரசுப் பணியிலும் கிடைத்த இட ஒதுக்கீட்டால் பலர் முன்னேறினர். ஆனால் பள்ளிகளும் பணிகளும் கீழே உள்ள நகரங்களிலேயே இருந்தன. எனவே வாழ்வை மீட்டுத் தந்த அதே வாய்ப்பு, ஊர் திரும்புதலைக் குறைத்தது. குடும்பங்கள் முன்சியாரி, பித்தோராகர், அல்மோரா, ஹல்த்வானி, தேராதூன் முதலிய இடங்களில் நிலையாகக் குடியேறின.

ஆண்டுதோறும் பனியைத் தாங்கும் கற்பலகைக் கூரைகளை ஒவ்வொரு கோடையிலும் சீர்செய்ய வேண்டும். அது நின்றபோது கூரைகள் விழுந்தன; சுவர்களும் செதுக்கு வேலைப்பாடு கொண்ட மரக் கதவுகளும் பின்னர்ச் சிதைந்தன.

இன்றைய நிலை

இந்திய–சீன எல்லை வணிகம் லிப்புலேக் கணவாயில் 1992இலும் சிப்கி லா கணவாயில் 1994இலும் மீண்டும் தொடங்கப்பட்டது. மிலத்தின் வழி அதில் சேர்க்கப்படவில்லை. கோடையில் ஒரு சில குடும்பங்கள் மட்டுமே பயிரிடவும், குலதெய்வத்தை வழிபடவும், மூலிகை சேகரிக்கவும் வருகின்றன. இந்தோ–திபெத் எல்லைக் காவல் படையின் நிலையம் இங்கு உள்ளது. பனியாற்றைக் காண மலையேற்றப் பயணிகளும் வருகின்றனர். முன்சியாரியிலிருந்து மிலம் வரை வாகனச் சாலை அமைக்கும் பணி எல்லைச் சாலைகள் அமைப்பால் மேற்கொள்ளப்பட்டது. சாலை பயணத்தை எளிதாக்கும்; ஆனால் ஊரை முன்பு வாழவைத்தது எல்லைக்கு அப்பால் சென்ற வழியே ஆகும்.

இவற்றையும் பார்க்க

நைன் சிங் ராவத்
நந்தாதேவி
இந்திய–சீனப் போர்
லிப்புலேக் கணவாய்