வெட்டாமல் விடுவதும் கலையே

படப்பிடிப்பில் எடுக்கப்பட்டவை யாவும் திரைப்படம் ஆகிவிடுவதில்லை. பல மணி நேரம் ஓடக்கூடிய படச்சுருள்களிலிருந்து வேண்டியவற்றைத் தேர்ந்து, அளவறிந்து வெட்டி, முறைப்பட இணைக்கும்போதே காட்சிகள் கதையாகின்றன. இப்பணியைச் செய்பவர் படத்தொகுப்பாளர். நடிகரின் முகம் நினைவில் நிற்கிறது. இயக்குநரின் பெயர் வரலாற்றில் நிற்கிறது. தொகுப்பாளரின் உழைப்போ, நன்கு அமையுந்தோறும் கண்ணுக்குப் புலப்படாமல் மறைகிறது. அவ்வாறு மறைந்து நின்று உழைத்தவர்களுள் ஒருவர் செக் நாட்டுப் படத்தொகுப்பாளர் மிரோஸ்லாவ் ஹாயெக்.

புதிய அலை

1960களில் செக்கோஸ்லோவாக்கியாவில் தோன்றிய திரைப்பட எழுச்சி ‘புதிய அலை’ எனப்படுகிறது. அரசு வகுத்த பாதையை விலக்கி, இளம் இயக்குநர்கள் தத்தம் வழியில் படம் எடுத்தனர். அவர்களின் நடை ஒன்றுக்கொன்று மாறுபட்டது. ஆயினும், அவர்களுள் பலருடைய படங்களைத் தொகுத்தவர் ஹாயெக் ஒருவரே.

நான்கு படங்கள், நான்கு காலங்கள்

யான் நேமெத்ஸ் இயக்கிய ‘இரவின் வைரங்கள்’ 1964இல் வெளிவந்தது. நாசி வதைமுகாமுக்குச் செல்லும் தொடர்வண்டியிலிருந்து இரு சிறுவர்கள் தப்பி ஓடுகின்றனர். தொடக்கத்தில் அவர்கள் மேட்டில் ஓடுவது இடையில் வெட்டப்படாமல் ஒரே நீண்ட காட்சியாக நிகழ்கிறது. பார்ப்பவருக்கும் மூச்சு வாங்குகிறது. பின்னர்ப் பிராக் நகர நினைவுகள் சிறுசிறு துண்டுகளாக இடையிடையே மின்னி மறைகின்றன. எங்கே வெட்டக் கூடாது என அறிவதும் தொகுப்புக் கலையே என்பதை இப்படம் உணர்த்துகிறது.

1965இல் வெளியான ‘பொன்னிறக் கூந்தலாளின் காதல்கள்’ மிலோஷ் ஃபோர்மனின் படைப்பு. அதன் நடனக்கூடக் காட்சியில், படைவீரர் மூவர் அனுப்பும் மதுப்புட்டி தவறான மேசைக்குச் சென்றுவிடுகிறது. பேச்சைவிட, மாறிமாறிக் காட்டப்படும் முகங்களே நகைச்சுவையையும் தனிமையையும் ஒருங்கே வெளிப்படுத்துகின்றன.

வேரா கிதிலோவாவின் ‘டெய்சி மலர்கள்’ (1966) இதற்கு நேர்மாறானது. அதில் இரு பெண்கள் கத்தரிக்கோலால் ஒருவரையொருவர் வெட்டி விளையாட, திரையே துண்டு துண்டாகச் சிதறுகிறது. பிற படங்களில் மறைந்திருக்கும் வெட்டு இங்கே வெளிப்பட்டுத் தானும் நடிக்கிறது.

பிரான்டிஷெக் விளாச்சிலின் ‘மார்க்கெட்டா லாசரோவா’ (1967) இடைக்காலத்தில் நிகழும் நெடுங்கதை. நினைவும் நிகழ்வும் பிரிவின்றிக் கலந்து ஓடும் காவிய நடை அதனுடையது.

இந்நான்கிலும் தொகுப்பாளரின் தனிமுத்திரை எனச் சுட்ட ஒன்றில்லை. ஒவ்வொரு கதைக்கும் உரிய காலத்தைக் கண்டறிந்து, தம்மை அதற்கு ஒப்படைத்ததே ஹாயெக்கின் திறன்.

தடையும் மீட்சியும்

அக்கலைக்கு நெருக்கடியும் நேர்ந்தது. உணவை வீணடிக்கிறது என்று ‘டெய்சி மலர்கள்’ மீது 1967இல் நாடாளுமன்றத்தில் கண்டனம் எழுந்தது. 1968 ஆகஸ்டில் சோவியத் தலைமையிலான படைகள் நாட்டினுள் புகுந்தன. ஹாயெக் தொகுத்த சில படங்கள் திரையரங்குகளிலிருந்து விலக்கப்பட்டன. ஃபோர்மன் நாட்டை விட்டு வெளியேறினார். கிதிலோவா சில ஆண்டுகள் படமெடுக்க இயலாதிருந்தார்.

1989இல் ஆட்சி மாறியபின் விலக்கப்பட்ட படங்கள் மீண்டும் வெளிச்சம் கண்டன. 1998இல் செக் திறனாய்வாளர்கள் ‘மார்க்கெட்டா லாசரோவா’வைத் தம் நாட்டின் மிகச்சிறந்த படமாகத் தேர்ந்தனர். அதிகாரத்தின் கத்தரிக்கோல் படத்தை மக்களிடமிருந்து துண்டித்தது. கலைஞனின் கத்தரிக்கோல் துண்டுகளை இணைத்து உயிர் தந்தது. நிலைத்து நின்றது பின்னதே.