படபடப்பு ஒன்றுதான், குறியீடு வேறு வேறு! டிஸ்சார்ஜ் சம்மரியில் எதைக் கவனிக்க வேண்டும்?

“டாக்டர், நெஞ்சு படபடன்னு அடிக்குது. ரெண்டு நாளா தூக்கமே இல்ல.”

திண்டிவனத்தைச் சேர்ந்த 28 வயது ஐ.டி. ஊழியர் ஒருவர் இரவில் மருத்துவமனைக்கு வந்து இப்படிச் சொல்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கவனக் குறைபாட்டுப் பிரச்சினையான ஏ.டி.எச்.டி.க்காக மருத்துவர் எழுதிக் கொடுத்த மெத்தில்ஃபெனிடேட் மாத்திரையைச் சொன்ன அளவில்தான் சாப்பிட்டு வருகிறார்.

அதே இரவில் விழுப்புரத்தில் ஒரு கல்லூரி மாணவர் அதே படபடப்போடு வருகிறார். பரீட்சைக்குக் கண்விழிக்க நண்பனிடம் இருந்து அதே மாத்திரையை வாங்கிப் போட்டவர் அவர்.

இருவருக்கும் அறிகுறி ஒன்று, மருந்தும் ஒன்று. ஆனால், மருத்துவமனைப் பதிவேட்டில் இருவருக்கும் ஒரே குறியீடு போட்டால் அது தவறு. அந்தத் தவறு இன்சூரன்ஸ் பணத்தில் தொடங்கி, நாட்டின் மருந்துப் பாதுகாப்புக் கணக்கு வரை பாதிக்கும்.

ஐ.சி.டி. குறியீடு என்றால் என்ன?

உலக சுகாதார நிறுவனம் ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் இறப்புக் காரணத்துக்கும் ஓர் எழுத்தும் சில எண்களும் கொண்ட குறியீட்டைக் கொடுத்திருக்கிறது. இதுதான் ஐ.சி.டி. இதன் 11-வது பதிப்பு 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது. ஆனாலும், நம் மருத்துவமனைகளிலும் இன்சூரன்ஸ் படிவங்களிலும் பரவலாகப் புழங்குவது 10-வது பதிப்புதான்.

குறியீட்டை எழுதுபவர் பெரும்பாலும் மருத்துவர் அல்ல. மெடிக்கல் ரெக்கார்ட்ஸ் பிரிவு ஊழியர், கேஸ் ஷீட்டைப் படித்துவிட்டு எழுதுவார். கேஸ் ஷீட்டில் இல்லாததை அவர் ஊகித்து எழுதக் கூடாது.

எந்தச் சூழலுக்கு எந்தக் குறியீடு?

*சரியான மருந்து, சரியான அளவு:* முதலில் நேர்ந்த பாதிப்பை எழுத வேண்டும். படபடப்பு என்றால் ஆர்00.2. அதோடு, ‘சிகிச்சைக்காக எடுத்த ஊக்க மருந்தால் வந்த பக்க விளைவு’ என்பதைக் காட்ட ஒய்49.7 சேரும். திண்டிவனம் இளைஞருக்கு இதுதான் பொருந்தும்.

*அளவு மீறியது, அடுத்தவர் மருந்து:* இது பக்க விளைவு கிடையாது, ‘பாய்சனிங்’. டி43.6 என்பது முதலில் வரும். தெரியாமல் நடந்ததா, வேண்டுமென்றே எடுத்ததா என்பதைக் கூடுதல் குறியீடு சொல்லும். தற்செயல் என்றால் எக்ஸ்41. விழுப்புரம் மாணவர் இந்தப் பிரிவில் வருவார். டாக்டர் கொடுத்த மாத்திரையோடு தானாக வாங்கிய இன்னொரு மருந்தைச் சேர்த்து, இரண்டும் ஒத்துக்கொள்ளாமல் போனாலும் பாய்சனிங்தான்.

*பழக்கமாகி விட முடியாமல் போனது:* எஃப்15 வரிசை. அதில் எஃப்15.2 என்றால் ஊக்க மருந்துக்கு அடிமையான நிலை.

*எதுவுமே எழுதாமல் விட்டது:* வெறும் ஆர்00.2. படபடப்பு பதிவாகும், ஆனால் அதற்குக் காரணமான மருந்து கணக்கில் இருந்து காணாமல் போகும்.

ஜிம் ஊசி எங்கே போகும்?

தமிழ்நாட்டில் அண்மைக்காலமாகப் போலீஸ் வழக்குகளில் அடிபடும் பெயர் மெஃபென்டெர்மின். முதுகுத் தண்டில் மயக்க ஊசி போட்டு அறுவை சிகிச்சை செய்யும்போது ரத்த அழுத்தம் திடீரெனக் குறைந்தால், அதை ஏற்றப் பயன்படும் மருந்து இது. ‘ஸ்டாமினா வரும்’ என்ற நம்பிக்கையில் ஜிம் போகும் சிலர் இதை ஊசியாகப் போட்டுக்கொள்கிறார்கள். உலக ஊக்கமருந்து தடுப்பு முகமையான வாடாவின் தடைப் பட்டியலில் இது ‘ஊக்க மருந்து’.

ஆனால், ஐ.சி.டி. பட்டியலில் இது டி43.6-ல் வராது. தன்னியக்க நரம்பு மண்டலத்தில் வேலை செய்யும் மருந்துகளுக்கான டி44 பிரிவில் வரும். ‘ஊக்க மருந்தால் எத்தனை பேர் அட்மிட் ஆனார்கள்?’ என்று டி43.6-ஐ மட்டும் தேடினால், இந்த ஊசியால் வந்தவர்கள் கணக்கிலேயே வர மாட்டார்கள். அதனால் மருந்தின் பெயரைக் கேஸ் ஷீட்டில் தெளிவாக எழுதுவது அவசியம்.

ஒரு எண்ணில் அப்படி என்ன இருக்கிறது?

விழுப்புரம் மாவட்டத்துக்கு இது புதிய பாடம் அல்ல. 2023 மே மாதம் மரக்காணம் அருகே எக்கியார்குப்பத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 14 பேர் இறந்தார்கள். பாதிக்கப்பட்ட பலருக்கு முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் சிகிச்சை நடந்தது. ஐ.சி.டி.யில் சாதாரண மதுவான எத்தனாலின் நச்சு டி51.0, மெத்தனாலின் நச்சு டி51.1. கடைசி எண் மாறினால், ஒரு நச்சுச் சாவு ‘அதிகமாகக் குடித்ததால் வந்த சாவு’ என்று பதிவாகிவிடும்.

இன்சூரன்ஸில் என்ன சிக்கல்?

கிளெய்ம் படிவத்தில் மருத்துவமனை நிரப்பும் பகுதியில் ஐ.சி.டி. குறியீடு கேட்கப்படும். இன்சூரன்ஸ் ஒழுங்குமுறை ஆணையம் வகுத்த பொது விலக்குகளில் 12-வது, மது மற்றும் போதைப் பழக்கத்துக்கான சிகிச்சை. டாக்டர் சொன்னபடி மாத்திரை சாப்பிட்டவருக்குத் தவறுதலாக எஃப்15 விழுந்தால், ‘போதைப் பழக்கம்’ என்ற பெயரில் கிளெய்ம் நிராகரிக்கப்பட வாய்ப்பு உண்டு. பின்னால் வேலைக்கோ புதிய பாலிசிக்கோ பழைய சம்மரியைக் காட்ட வேண்டி வந்தால், அந்தச் சொல் அங்கேயும் வந்து நிற்கும்.

குறியீடு போட்டால் மட்டும் போதுமா?

போதாது. மருந்தின் பக்க விளைவைத் தனியாகப் புகார் செய்ய வேண்டும். 2010-ல் தொடங்கிய இந்திய மருந்துக் கண்காணிப்புத் திட்டம் இதற்காகவே இருக்கிறது. இதன் தேசிய ஒருங்கிணைப்பு மையம் காசியாபாத்தில் உள்ள இந்திய மருந்தியல் ஆணையம். டாக்டர் மட்டுமல்ல, நோயாளியும் புகார் தரலாம். கட்டணமில்லா எண் 1800-180-3024.

ஒரு காலத்தில் சளி மாத்திரைகளிலும் பசி குறைக்கும் மாத்திரைகளிலும் ஃபினைல்புரோபனோலமைன் என்ற ஊக்க மருந்து சர்வசாதாரணமாக இருந்தது. இளம் பெண்களுக்கு மூளையில் ரத்தக் கசிவு வருவதற்கும் இதற்கும் தொடர்பு இருப்பதை அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழக ஆய்வு காட்டியது. 2000-ல் அந்நாட்டு எஃப்.டி.ஏ. இதைச் சந்தையில் இருந்து விலக்கச் சொன்னது. இந்தியாவில் தடை அறிவிப்பு வந்தது 2011 பிப்ரவரியில். ‘பக்கவாதம்’ என்று மட்டும் எழுதி, என்ன மாத்திரை சாப்பிட்டார் என்பதை விட்டிருந்தால் இந்தத் தொடர்பு வெளியே வந்திருக்காது.

நீங்கள் செய்ய வேண்டியது

* மாத்திரை அட்டையையோ ஊசிக் குப்பியையோ கையோடு எடுத்துப் போங்கள். போட்டோ இருந்தாலும் போதும்.
* எவ்வளவு, எப்போது, யார் சொல்லி எடுத்தீர்கள் என்பதை மறைக்காதீர்கள். எனர்ஜி டிரிங்க், மது, ஜிம் பவுடர் எதுவாக இருந்தாலும் சொல்லுங்கள். மறைத்தால் முதலில் தடுமாறுவது சிகிச்சைதான்.
* டிஸ்சார்ஜ் ஆகும் முன் சம்மரியைப் படியுங்கள். மருந்தின் பெயரும், ‘சொன்ன அளவில் எடுத்தபோது வந்த பக்க விளைவு’ என்ற குறிப்பும் இருக்கிறதா என்று பாருங்கள்.
* தவறு இருந்தால், “சார், இதைக் கொஞ்சம் திருத்தித் தர முடியுமா?” என்று அங்கேயே கேளுங்கள். வீட்டுக்குப் போன பிறகு திருத்துவதைவிட, சிகிச்சை தந்த டாக்டர் எதிரில் இருக்கும்போது கேட்பது சுலபம்.