காலத்தைத் தொட்டவர்கள் – 7: சேதுராமனின் கடிகாரமும் கல்வராயன் மலையும்

2016 மே மாதம் வெளிவந்த '24' படத்தில் சூர்யாவுக்கு மூன்று வேடம். வில்லன் ஆத்ரேயாவைப் பற்றித்தான் எல்லோரும் பேசினார்கள். எனக்குப் பிடித்தவர் சேதுராமன். 1990-இல் மனைவி, கைக்குழந்தையோடு ஒதுங்கி வாழ்ந்தபடி, காலத்தை முன்னும் பின்னும் நகர்த்தும் கைக்கடிகாரம் ஒன்றைச் செய்து முடிக்கிறார். அதற்காகவே உடன்பிறந்த ஆத்ரேயாவால் உயிரை இழக்கிறார். பெட்டியில் பூட்டிக் கிடந்த கடிகாரம் 26 ஆண்டுகள் கழித்து மகன் மணியிடம் வந்து சேர்கிறது. மணி வாட்ச் மெக்கானிக். பெய்யும் மழையை அப்படியே நிறுத்தி, அந்தரத்தில் நிற்கும் துளிகளை விரலால் தொட்டுப் பார்ப்பான்.

அந்தக் காட்சி அழகுதான். ஆனால் இயக்குநர் விக்ரம் குமாரை நான் மெச்சுவது வேறோர் இடத்துக்காக. கடிகாரத்துக்கு ஓர் எல்லை வைத்தார்: 24 மணி நேரத்துக்கு மேல் அது நகராது. கோமாவில் 26 ஆண்டுகளைத் தொலைத்துவிட்டு எழுந்த ஆத்ரேயாவுக்கு அந்த எல்லை மேல்தான் அத்தனை ஆத்திரம். மந்திரவாதியின் கருவிக்கு எல்லை கிடையாது. பொறியாளர் செய்த எந்தக் கருவியிலும் 'இவ்வளவுதான் தாங்கும்' என்று ஒரு கணக்கு இருக்கும். சேதுராமனைப் பொறியாளர் என்று நம்ப வைப்பது அந்தக் கணக்குதான்.

நிஜத்தில் காலம் நகருமா? கள்ளக்குறிச்சியில் பஸ் ஏறி, கச்சிராயபாளையம் வழியாகக் கல்வராயன் மலையிலுள்ள வெள்ளிமலைக்குப் போய்ப் பாருங்கள். கரும்பு வயல்களைத் தாண்டி, கோமுகி அணையை விட்டு, வளைந்து வளைந்து ஏறும் சாலை. கீழே இருந்ததைவிட 600 மீட்டர் உயரத்துக்கு வந்துவிட்டோம் என்று வையுங்கள். அங்கே நேரம் கொஞ்சம் வேகமாக ஓடுகிறது. பூமியை விட்டு விலக விலக நேரத்தின் ஓட்டம் கூடும் என்பது ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் சொன்னது. 2010-இல் அமெரிக்க ஆய்வாளர்கள் ஓர் அணுக் கடிகாரத்தை வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தியே அந்த வேறுபாட்டை அளந்துவிட்டார்கள். நம் மலைக்குக் கணக்குப் போட்டால் ஆண்டுக்கு சுமார் 2 மைக்ரோ விநாடி வருகிறது. எழுபது வயது வரை மலையிலேயே வாழ்ந்த ஒரு மலையாளிப் பழங்குடிப் பாட்டி, அதே நாளில் பிறந்து கள்ளக்குறிச்சியில் வாழ்ந்தவரைவிட விநாடியில் ஏழாயிரத்தில் ஒரு பங்கு மூத்தவர்.

இந்தச் சொற்பத்தால் யாருக்கு என்ன என்று தோன்றும். சுமார் 20,000 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் இது நாளுக்கு 38 மைக்ரோ விநாடியாகிவிடும். வேகத்தால் ஓட்டம் சற்றுக் குறைகிறது, உயரத்தால் அதைவிட அதிகமாகக் கூடுகிறது. கழித்து மிஞ்சுவது இது. அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 10 கிலோமீட்டருக்கு மேல் பிழை சேரும். வெள்ளிமலைக்கு வழி கேட்டவரை ஃபோன் வேறு ஊரில் நிறுத்திவிடும்.

1977 ஜூனில் என்டிஎஸ்-2 என்ற சோதனைச் செயற்கைக்கோளை அமெரிக்கர்கள் ஏவினார்கள். உள்ளே சீசியம் கடிகாரம். சார்பியல் திருத்தம் உண்மையிலேயே வேண்டுமா என்ற ஐயம் சிலருக்கு இருந்ததால், திருத்தும் கருவியை உள்ளே வைத்து, வேண்டும்போது தரையிலிருந்து இயக்கும்படி விட்டிருந்தார்கள். இருபது நாள் கடிகாரத்தை அதன் போக்கில் ஓட விட்டார்கள். கோட்பாடு சொன்ன அளவுக்கு வெகு அருகில் அது முந்தி ஓடியது. பிறகு திருத்தும் கருவியை இயக்கினார்கள். இன்றைக்கு ஜிபிஎஸ் கடிகாரங்களைத் தரையிலேயே வேண்டுமென்றே மெதுவாக்கி அனுப்புகிறார்கள், மேலே போனதும் நம் நேரத்தோடு ஒத்துப்போகட்டும் என்று. காலத்தில் கை வைத்த பொறியாளர்கள் இவர்கள். யாருக்கும் ரசிகர் மன்றம் கிடையாது.

ஆனால் சேதுராமன் செய்ததை, காலத்தைப் பின்னுக்குத் திருப்புவதை, இவர்களில் யாராலும் செய்ய முடியாது. 24 மணி நேரம் மட்டும் திரும்பினால் போதும் என்று ஓர் ஊரே ஏங்கிய நாள் கள்ளக்குறிச்சிக்கு உண்டு. 2024 ஜூனில் கருணாபுரத்தில் விஷச் சாராயம் குடித்து 60-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள்.

சாராயத்தில் இருந்தது மெத்தனால். குடித்தவுடன் அது பெரிதாக எதையும் காட்டிக்கொடுக்காது. போதை மட்டும் தெரியும். கல்லீரலில் உள்ள ஒரு நொதி அதை மெல்ல ஃபார்மால்டிஹைடாக மாற்றுகிறது. பிறகு அது ஃபார்மிக் அமிலமாகிறது. கண்ணையும் உயிரையும் பறிப்பது அந்த அமிலம். பெரும்பாலும் 12 முதல் 24 மணி நேரத்தில்தான் வயிற்றுவலி, வாந்தி, கண் மங்கல் என்று வெளியே தெரிகிறது. அதுவரை ஆள் நன்றாக இருப்பதாகவே வீட்டார் நினைப்பார்கள்.

அந்த இடைவெளியில் மருத்துவத்தால் கடிகாரத்தை நிறுத்தி வைக்க முடியும். ஃபோமெபிசோல் என்ற மருந்து அந்த நொதியை முடக்கிவிடும். அது கிடைக்காத இடத்தில், மருத்துவர் கண்காணிப்பில் அளந்து கொடுக்கும் எத்தனால் நொதியை வேறு வேலைக்கு இழுத்துவிடும். மெத்தனால் மெத்தனாலாகவே ரத்தத்தில் நிற்கும். டயாலிசிஸ் அதை வெளியேற்றும். ஆனால் அமிலம் சேர்ந்த பிறகு, கெட்டுப்போன பார்வை நரம்பைப் பழையபடி ஆக்க மருந்து இல்லை.

அதனால், ஒருவருக்குக் கண் மங்கியது என்று தெரிந்த நிமிடமே, அதே இடத்தில் வாங்கிக் குடித்த எல்லோரையும், நன்றாக நடமாடுகிறவர்களையும் சேர்த்து, வீடு வீடாகத் தேடி அழைத்து வர வேண்டும். மாற்று மருந்து பெருநகரத்திலிருந்து வரட்டும் என்று காத்திருக்கும் நிலை இருக்கக் கூடாது. கள்ளக்குறிச்சி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மட்டுமல்லாமல், கச்சிராயபாளையம், சங்கராபுரம் பக்கத்து மருத்துவமனைகளிலும் அது கையிருப்பில் இருக்க வேண்டும். ஆண்டுக்கணக்கில் தொடாமல் கிடந்து காலாவதியானாலும் பரவாயில்லை, புதிதாக வாங்கி வைக்க வேண்டும்.

அடுத்த வாரம் அகமதாபாத். 2023 மே 29 அன்று ஏவிய என்விஎஸ்-01 செயற்கைக்கோளில் பொருத்திய நம் நாட்டு ருபிடியம் அணுக் கடிகாரம் உருவான இடம் அது.

(தொடரும்)