அர்மீனியர் கட்டிய பாலம் முதல் அந்தரத்தில் நிற்கும் பாலம் வரை!
அடையாற்றின் 300 வருஷக் கதை

சென்னை மாநகரின் தென்பகுதியை வெட்டிக்கொண்டு ஓடுகிறது அடையாறு. மொத்த நீளமே சுமார் 42 கிலோ மீட்டர்தான். ஆதனூர், மணிமங்கலம் பக்கத்து ஏரிகளில் தொடங்குகிறது. திருநீர்மலை அருகே செம்பரம்பாக்கம் ஏரியின் உபரி நீரும் சேர்ந்துகொள்கிறது. அனகாபுத்தூர், மணப்பாக்கம், சைதாப்பேட்டை, கோட்டூர்புரம் என்று வளைந்து வளைந்து வந்து, பட்டினப்பாக்கத்துக்கும் பெசன்ட் நகருக்கும் நடுவே கடலில் கலக்கிறது.

கோடையில் பார்த்தால் இது ஆறா, சாக்கடையா என்று மூக்கைப் பொத்திக்கொள்ளத் தோன்றும். ஆனால் சாது மிரண்டால்?

2015 டிசம்பர் 1-ந்தேதி இரவு அதுதான் நடந்தது. செம்பரம்பாக்கத்தில் இருந்து விநாடிக்கு 29 ஆயிரம் கன அடி தண்ணீர் திறக்கப்பட்டது. சைதாப்பேட்டை மறைமலை அடிகள் பாலத்தையே வெள்ளம் மூழ்கடித்தது. போக்குவரத்து நின்றது. விமான நிலையத்துக்குள்ளும் தண்ணீர் புகுந்தது. அங்கே ஓடுபாதையே ஆற்றின் மேல் பாலமாகப் போகிறதே!

யார் இந்த உஸ்கான்?

அந்த சைதாப்பேட்டை பாலம் நிற்கும் இடத்தில் முதல் பாலத்தைக் கட்டியவர் வெள்ளைக்கார துரை அல்ல. கோஜா பெட்ரூஸ் உஸ்கான் என்ற அர்மீனிய வியாபாரி! வருஷம் 1726. சொந்தப் பணத்தில் கட்டினார். பிற்காலத்தில் பழுது பார்க்கவும் தனியாகப் பணம் ஒதுக்கி வைத்தார். இப்போது எந்தக் காண்ட்ராக்டர் அப்படிச் செய்வார்? பரங்கிமலைக்கு ஏறும் படிக்கட்டும் அவர் கொடைதான்.

மாம்பலம் என்ற பெயர் வெள்ளைக்காரன் வாயில் நுழையாமல் "மர்மலாங்" ஆனது. அதுவே பாலத்தின் பெயரும் ஆகிவிட்டது.

1746-ல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைப் பிடித்தார்கள். எங்கள் பக்கம் வந்துவிடு என்றார்கள். உஸ்கான் மசியவில்லை. சொத்துக்களைப் பறிகொடுத்தார். 1751-ல் காலமானார். அவருடைய இதயத்தை மட்டும் ஒரு பெட்டியில் வைத்து பாரசீகத்தில் உள்ள ஜுல்பாவுக்கு அனுப்பினார்கள் என்று சொல்வதுண்டு. பழைய பாலம் போய், 1960-களில் இப்போதைய பாலம் வந்தது.

ஆற்றின் கீழ்ப்பகுதியில் கவர்னர் எல்பின்ஸ்டன் பெயரில் ஒரு பாலம். வண்டிகள் பெருகவே, பக்கத்திலேயே 1973-ல் திரு.வி.க. பாலம் திறக்கப்பட்டது. எல்பின்ஸ்டன் பாலத்துக்கு ஓய்வு!

உடைந்த பாலம்

முகத்துவாரத்தில் நிற்கிறதே, அதுதான் எல்லோருக்கும் தெரிந்த உடைந்த பாலம். இரு கரை மீனவர்களும் நடந்து போய்வர 1967-ல் கட்டப்பட்டது. பத்தே வருஷம்! 1977-ல் வெள்ளத்தின் வேகம் தாங்காமல் நடுவில் இடிந்து விழுந்தது. அப்புறம் யாரும் ஒட்டிவைக்கவில்லை. எதிரே தெரிகிற குப்பத்துக்குக் கால்நடையாகப் போக வேண்டும் என்றாலும் திரு.வி.க. பாலத்தைச் சுற்றித்தான் போகவேண்டும்.

சினிமாக்காரர்களுக்கு மட்டும் யோகம். எத்தனையோ படங்களில் இந்தப் பாலம் தலை காட்டிவிட்டது. பொழுது சாய்ந்தால் வாலிபர்கள் கூட்டம். கைப்பிடிச் சுவர் சிதைந்து கிடக்கிறது. கால் தவறினால் கீழே முகத்துவாரத்து நீரோட்டம்.

இந்த இடத்தில் பட்டினப்பாக்கம் லூப் ரோட்டையும் பெசன்ட் நகரையும் இணைத்து, கார்கள் போகிற பெரிய பாலம் போடும் யோசனை பல தடவை கிளம்பியது. மீனவ குப்பங்கள் எதிர்த்தன. படகு நிறுத்தவும், வலை காயப்போடவும் உள்ள மணல் ரோட்டுக்குப் போய்விடும் என்பது அவர்கள் கவலை. அவர்கள் நடக்கக் கட்டிய பாலமோ, இரண்டு துண்டாக அப்படியே நிற்கிறது.