விரலும் நிரலும்

1968ஆம் ஆண்டு டிசம்பர் 9ஆம் நாள், அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரில் டக்ளஸ் எங்கல்பார்ட் கணினிச் சுட்டியைப் பொதுவெளியில் இயக்கிக் காட்டினார். சுட்டியின் ஒவ்வொரு சொடுக்கும் மனித விரலின் ஆணையாகவே அன்று கருதப்பட்டது. இன்றோ விரல் இல்லாமலே சொடுக்கும் மென்பொருள்கள் வந்துவிட்டன. அவை தானியங்கிச் சொடுக்கிகள் எனப்படுகின்றன.

சுட்டியின் பொத்தானை அழுத்தினால் அச்செய்தி இயக்க மென்பொருள் வழியாக விளையாட்டைச் சென்றடைகிறது. தானியங்கிச் சொடுக்கி அதே வடிவிலான செய்தியைத் தானே உருவாக்கி, குறித்த இடைவெளியில் ஓயாது அனுப்புகிறது. அனுப்பியது விரலா நிரலா என்பதை விளையாட்டு எளிதில் அறிவதில்லை.

பிரான்சு நாட்டு நிரலாளர் ஜூலியன் தியெனோ 2013இல் உருவாக்கிய 'குக்கி கிளிக்கர்' விளையாட்டில், சொடுக்கச் சொடுக்கப் பிஸ்கட்டுகள் பெருகும். ஒருவர் தனித்து ஆடும் அவ்விளையாட்டில் தானியங்கிச் சொடுக்கியால் பிறருக்கு இழப்பில்லை. பலர் மோதும் களத்தின் நிலை வேறு. 'மைன்கிராஃப்ட்' விளையாட்டின் பழைய பதிப்புகளில் விரைந்து சொடுக்கியவரின் வாளே ஓங்கியது. பயிற்சியால் விரைவு பெற்றவர், மென்பொருளை ஏவியவரிடம் தோற்க நேர்ந்தது. 2016இல் வெளிவந்த 1.9 ஜாவா பதிப்பில், ஒரு வீச்சுக்குப்பின் வாள் முழு வலிமை பெறச் சிறிது நேரம் காத்திருக்க வேண்டும் என்னும் விதி புகுத்தப்பட்டது. வெறும் வேகத்தின் பயன் அதனால் குறைந்தது.

முறைகேட்டைக் கண்டறிய வேறு வழியும் உண்டு. மனிதரின் இரு சொடுக்குகளுக்கு இடைப்பட்ட நேரம் ஒன்றுபோல் இராது; களைப்பும் தயக்கமும் அதனை மாற்றிக்கொண்டே இருக்கும். நிரலின் பிசகாத சீர்மையே அதனைக் காட்டிக்கொடுக்கும். பிடிபட்டவரின் கணக்கு முடக்கப்படுவதும் உண்டு.

எனினும் எல்லாத் தானியங்கிச் சொடுக்கிகளையும் ஒருங்கே விலக்குதல் அறமாகாது. கைநடுக்கமோ தசைத்தளர்ச்சியோ உடையவருக்குத் தொடர்ந்து சொடுக்குவது பெருந்துன்பம். சுட்டுக்குறியை ஓரிடத்தில் சற்றே நிறுத்தினால் தானே சொடுக்கும் வசதி அவர்களுக்குத் துணைநிற்கிறது. அடுத்தடுத்து அழுத்துவதற்கு மாற்றாக, ஒருமுறை அழுத்திப் பிடித்தாலே போதும் என்னும் தெரிவைச் சில விளையாட்டுகளே வழங்குகின்றன.

ஒருவருக்குக் குறுக்குவழியாகும் கருவி மற்றொருவருக்கு நுழைவாயில் ஆகிறது. ஆதலால், விதி வகுப்போர் கருவியை மட்டும் நோக்காது, அதனால் எவர் வாய்ப்புப் பெறுகிறார், எவர் வாய்ப்பிழக்கிறார் என்பதையும் நோக்குதல் வேண்டும்.