திரையும் மலையும் – 9: தடை நீங்கிய பிறகு ‘விஸ்வரூபம்’

வெளியாகும் முன்பே கட்சி பிரிந்து சண்டை போட வைத்த படம் ‘விஸ்வரூபம்’. கமல்ஹாசன் எழுதி, இயக்கி, நடித்த இந்த உளவாளிப் படம் 2013 ஜனவரி 25ஆம் திகதி தமிழ்நாட்டில் வந்திருக்க வேண்டும். முஸ்லிம் அமைப்புகள் எதிர்த்தன. மாவட்ட ஆட்சியர்கள் 144 தடை உத்தரவு போட்டார்கள். உயர் நீதிமன்றத் தனி நீதிபதி தடையை நீக்கினார். மறுநாளே இரு நீதிபதிகள் அமர்வு அந்தத் தீர்ப்பை நிறுத்திவைத்தது. சில இடங்களை மாற்றச் சம்மதித்த பிறகு பெப்ரவரி 7ஆம் திகதி படம் அங்கே வந்தது. இலங்கையிலும் அதன் திரையிடல் தற்காலிகமாக நிறுத்தப்பட்டது. ஹேவாஹெட்டயிலிருந்து தலாத்துஓயா வழியாகக் கண்டிக்கு பஸ் ஏறிப் படம் பார்க்கப் போகும் தோட்டத்துப் பிள்ளைகளுக்குள்ளும் அப்போது இதே வாக்குவாதம்தான்.

அந்தச் சத்தமெல்லாம் அடங்கிய பிறகு, துல்லியமான பிரதியில் இதை மறுபடி பார்ப்பது பெரிய அனுபவம். நளினமாக நடக்கும் கதக் ஆசிரியர் விஸ்வநாதன், கைகள் கட்டப்பட்ட நிலையில் தொழ அனுமதி கேட்கிறார். அடுத்த சில நொடிகளில் எதிரிகள் சரிகிறார்கள். உடனே அதே சண்டை மெதுவாகத் திரும்ப வருகிறது. மங்கலான பிரதியில் வெறும் வேகமாகத் தெரிந்த இடத்தில், இப்போது ஒவ்வோர் அடியின் வரிசையும் புரிகிறது. நடனக்காரனின் உடல்தான் போராளியின் உடலும் என்பது அங்கே விளங்கும். நடன அமைப்புக்காகப் பிர்ஜு மகராஜும், கலை இயக்கத்துக்காக லால்குடி இளையராஜாவும் தாய்லாந்துக் கலைஞர் பூன்தவீயும் தேசிய விருது பெற்றது தகும்.

படத்தின் குறையும் அதே தெளிவோடு தெரிகிறது. விஸ்வநாதன் என்ற பெயருக்குள் மறைந்திருக்கும் நாயகன் முஸ்லிம், தொழுகிறவன், நாட்டுக்காக உயிரைப் பணயம் வைப்பவன். ஊஞ்சலாட ஆசைப்படும் இளைஞனிடம் படம் காட்டும் இரக்கமும் உண்மையானது. ஆனாலும் வழிபாட்டின் ஒலி கொலைக்கும் குண்டுக்கும் பக்கத்திலேயே திரும்பத் திரும்பக் கேட்கிறது. 2013இன் அதே மாதங்களில் இலங்கையில் ஹலால் முத்திரைக்கு எதிரான பிரசாரம் சூடுபிடித்திருந்தது. 2018 மார்ச்சில் திகனையிலும் தெல்தெனியாவிலும் முஸ்லிம்களின் வீடுகளும் கடைகளும் எரிந்தன. அந்தப் புகையைப் பார்த்த கண்டி மாவட்டத்து மனிதர், அன்றைய முஸ்லிம்களின் அச்சத்தை வெறும் கூச்சல் என்று தள்ளிவிட முடியாது.

அச்சம் நியாயமானது, தடை தவறானது. தடை வந்ததால் பேச்செல்லாம் கருத்துச் சுதந்திரத்தைப் பற்றியே போயிற்று. படம் யாரை எப்படிக் காட்டுகிறது என்ற கேள்வி நடுவில் தொலைந்தது. ஒலியை அடைத்தும் காட்சியை வெட்டியும் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல முடியாது. பார்த்து, வாதிட்டு, எழுதித்தான் சொல்ல வேண்டும்.

ஆகவே வாசகரே, இந்தப் படத்தை மீண்டும் பாருங்கள். முடிந்தால் பக்கத்து வீட்டு முஸ்லிம் நண்பரோடு பாருங்கள். முடிந்ததும் அவரை முதலில் பேச விடுங்கள்.

(தொடரும்)